கைபட்டது தெரியாத கைவண்ணம்

எக்கோ அறையின் அரையிருட்டில், சாம்பல் நிறத் திரையின் நடுவே, மெல்லிய இரண்டு வெண்கீற்றுகள் விலகுவதும் கூடுவதுமாக ஆடிக்கொண்டிருக்கும். ஈப்போ பெரியாஸ்பத்திரியில் இடப்பக்கமாக ஒருக்களித்துப் படுத்தபடி அந்தத் திரையைப் பார்த்தவர்கள் சிலிபின் பக்கத்தில் நிறையப் பேர் இருப்பார்கள். மருத்துவருக்கு அளவெடுக்கும் வேலை. நமக்கோ முடிவைக் கேட்கும் கவலை. அந்தக் கவலையில் ஆட்டத்தின் அழகை நின்று பார்க்காமலே எழுந்து வந்துவிடுகிறோம். இப்போது அவசரமில்லை. வாருங்கள், அந்த இரண்டு கீற்றுகளையும் சேர்ந்தே இன்னொரு முறை பார்ப்போம்.

அவை மைட்ரல் வால்வின் இரண்டு இதழ்கள். இதயத்தின் இடது மேலறைக்கும் இடது கீழறைக்கும் இடையில் இருக்கின்றன. நுரையீரலில் சுத்தமாகி வந்த இரத்தம் கீழே இறங்கும்போது விரிந்து வழிவிடும். கீழறை சுருங்கி அந்த இரத்தத்தை உடலெங்கும் அனுப்பும்போது ஒன்றோடொன்று பொருந்தி மூடிக்கொள்ளும், ஒரு சொட்டும் பின்வாங்காதபடி. ஒரு நாளில் ஏறக்குறைய ஒரு லட்சம் தடவை இந்த விரிதலும் கூடலும் நடக்கின்றன. நாம் தூங்கும்போதும் நடக்கின்றன.

இதழ்கள் இரண்டும் ஒரே அச்சில் வார்த்தவை என்று நினைத்துவிடாதீர்கள். முன்னிதழ் உயரமானது, ஒய்யாரமாக வீசி ஆடுவது. ஆனால் வால்வின் சுற்றுவட்டத்தில் மூன்றில் ஒரு பங்கைத்தான் பிடித்திருக்கிறது. பின்னிதழ் குட்டையானது, அடக்கமானது. மீதி இரண்டு பங்கையும் அரவணைத்து நிற்கிறது. அதன் விளிம்பு மூன்று சிறு வளைவுகளாகப் பிரிந்திருக்கும். ஒன்று உயரத்தில் ஓங்க, மற்றது அகலத்தில் விரிய, பரப்பளவில் இரண்டும் கிட்டத்தட்டச் சமமாகிவிடுகின்றன. சமமில்லாத இரண்டைச் சேர்த்து இவ்வளவு செம்மையான மூடலை அமைத்த நேர்த்தியை எத்தனை தடவை நினைத்தாலும் அலுப்பதில்லை.

இதழ்களுக்குக் கீழே இருப்பது இன்னும் நுட்பமானது. கீழறையின் சுவரிலிருந்து இரண்டு தசைத்தூண்கள் எழுகின்றன. அவற்றின் உச்சியிலிருந்து வெள்ளை வெளேரென்ற நாண்கள் கிளைகிளையாகப் பிரிந்துபோய் இதழ்களின் ஓரத்தைப் பற்றிக்கொள்கின்றன. ஒவ்வொரு தூணும் ஒரே இதழுக்கு மட்டும் நாண் அனுப்புவதில்லை, இரண்டுக்கும் அனுப்புகிறது. அதனால் தூண்கள் சுருங்கும்போது இதழ்கள் இரண்டும் ஒன்றையொன்று நோக்கி இழுக்கப்படுகின்றன. மூடிய இதழ் அழுத்தம் தாங்காமல் மேலறைக்குள் புரண்டுவிடாமல் காப்பவையும் இந்த நாண்களே. இதழ்கள் விளிம்போடு விளிம்பு தொட்டால் போதாது. சில மில்லிமீட்டர் அளவுக்கு முகத்தோடு முகம் படிந்திருக்க வேண்டும். அந்தச் சில மில்லிமீட்டரில்தான் மூடலின் உறுதி குடியிருக்கிறது.

இந்த வால்வுக்குப் பெயர் வந்த கதை சிலிபின்காரர்களுக்கு நெருக்கமானது. லூர்து மாதா கோயில் திருவிழாவுக்குப் பினாங்கிலிருந்து ஆயர் வரும்போது அவர் தலையை அலங்கரிக்கும் உயர்ந்த தொப்பியைப் பார்த்திருப்பீர்கள்: முன்னும் பின்னுமாக இரண்டு மடல், உச்சியில் ஒரு பிளவு. லத்தீனில் அதன் பெயர் மித்ரா. மனித உடலின் கட்டமைப்பை 1543இல் பெருநூலாக வெளியிட்ட ஆந்திரேயாஸ் வெசாலியஸ், இரண்டு இதழ்கள் எதிரெதிரே நிற்கும் இந்த வால்வில் அந்தத் தொப்பியைக் கண்டார். மைட்ரல் என்ற பெயர் அப்படி நிலைத்தது. திறந்து கிடந்த ஓர் இதயத்துக்குள் ஆராதனையின் அணிகலனைக் கண்ட அந்தக் கண்ணுக்கு வணக்கம்.

பழுதான இந்த இதழ்களைச் சீர்செய்வதற்கு மருத்துவம் வைத்திருக்கும் பெயர் வால்வுலோபிளாஸ்டி. முற்பாதி லத்தீன்: மடிப்புக் கதவின் ஒற்றைப் பலகையைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்தது. பிற்பாதி கிரேக்கம்: குயவர் மண்ணுக்கு உருக்கொடுப்பது போன்ற வனைதலைக் குறிப்பது. இருக்கும் கதவுக்கே மறுபடி உருக்கொடுத்தல் என்பது அதன் பொருள். அகற்றுவதும் இல்லை, மாற்றுவதும் இல்லை. செயலின் முழு அறமும் பெயரிலேயே அடங்கியிருக்கிறது. புழக்கத்தில் இந்தச் சொல் இரண்டு வழிகளில் செல்கிறது. இதயநோய் மருத்துவர் சொன்னால் பெரும்பாலும் பலூன் கொண்டு குறுகலை விரிப்பதைக் குறிக்கும். அறுவை மருத்துவர் சொன்னால் நெஞ்சைத் திறந்து இதழையும் நாணையும் இதழ்கள் வேரூன்றிய வளையத்தையும் செப்பனிடுவதைக் குறிக்கும். வளையத்தை மட்டும் சீராக்குவதற்கு ஆனுலோபிளாஸ்டி என்று தனிப்பெயர் உண்டு. நம் ஆட்கள் மலாயில் இன்ஜாப் என்பார்கள், தமிழில் வால்வு என்பார்கள். “மாத்தல, ரிப்பேர்தான் செஞ்சாங்க” என்று ஒரு தாய் சொல்லும்போது, அந்த ‘தான்’ என்ற அழுத்தத்தில் ஒரு நிம்மதி ஒலிக்கும். அந்த நிம்மதிக்குப் பின்னால் இருக்கும் கைகளைத்தான் இனிப் பார்க்கப்போகிறோம்.

இதழ்கள் கெடுவது எப்படி? பெரும்பாலும் சின்ன வயதில் வந்த தொண்டைப்புண்ணில் தொடங்குகிறது. ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற கிருமியை எதிர்க்க உடல் எழுப்பிய படை, ஆள் அடையாளம் தெரியாமல் இதயத்தின் இதழ்களையும் தாக்கிவிடுகிறது. ருமாட்டிக் காய்ச்சல் என்பது இதுதான். நெருக்கியடித்து வாழும் இடங்களில் கிருமி எளிதாகப் பரவும். ஒரே லயத்தில், ஒரே அறையில், பாயோடு பாய் சேர்த்துப் படுத்து வளர்ந்த தோட்டத்துப் பிள்ளைகளை நினைத்துப் பாருங்கள். காய்ச்சல் போய்விடும், மூட்டுவலி மறந்துவிடும். இதழ்கள் மட்டும் ஆண்டுக்கணக்கில் மெல்ல மெல்லத் தடித்து, இரண்டும் சந்திக்கும் மூலைகளில் ஒட்டிக்கொள்ளும். நான்கிலிருந்து ஆறு சதுர சென்டிமீட்டர் வரை திறக்க வேண்டிய வாசல் ஒன்றரைக்கும் கீழே குறுகிவிடும். பிறகு ஒருநாள், நிரை முழுவதும் நடந்து பால் வெட்டியவளுக்கு வீட்டுப் படி ஏறவே மூச்சு வாங்கும்.

ஒட்டிய மூலைகளைப் பிரிக்கத் துணிந்த முதல் விரல் ஹென்றி சௌட்டருடையது. லண்டனில், 1925 மே மாதத்தில், ஓர் இளம்பெண்ணின் துடிக்கும் இதயத்துக்குள் சுட்டுவிரலை நுழைத்தார். கத்தி ஆயத்தமாக இருந்தது. ஆனால் விரலே போதும் என்று விரல் சொல்லிற்று. நோயாளி பிழைத்தார். ஆயினும் அதற்குப் பின் வேறு யாரையும் அவரிடம் அனுப்ப மற்ற மருத்துவர்களுக்கு மனம் வரவில்லை. 1948இல் அமெரிக்காவில் சார்ல்ஸ் பெய்லியும் டுவைட் ஹார்க்கனும் அந்த வழியை மீண்டும் திறக்கும் வரை, விரல் அறிந்த அந்த உண்மை இருபது ஆண்டுகளுக்கும் மேல் காத்திருந்தது.

அதன் பிறகு அந்தக் கலை செழித்த இடங்களில் ஒன்று நம் மூதாதையர் மண்ணிலேயே இருக்கிறது. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் 1949இல் ரீவ் பெட்ஸ் நெஞ்சறுவைத் துறையைத் தொடங்கினார். பின்னாளில் ஸ்டான்லி ஜானும் அவருடைய குழுவினரும் அங்கே மூடிய இதய அறுவையால் 3724 பேருக்கு மைட்ரல் வால்வைத் திறந்துவிட்ட அனுபவத்தை 1983இல் வெளியிட்டார்கள். ஒரே மருத்துவமனையில் மூவாயிரத்து எழுநூறு இதயங்கள்! அந்த எண்ணுக்கு முன்னால் கொஞ்சம் நின்றுவிட்டுப் போவோம்.

மூடிய அறுவை என்றால், இதயம் நிற்காது, இரத்தம் வடிக்கப்படாது, கண்ணுக்கு எதுவும் தெரியாது. இடது மேலறையின் ஓரத்தில் காது மடல் வடிவில் ஒரு சிறு பை இருக்கிறது. அதன் வாயைச் சுற்றிச் சுருக்குத்தையல் போட்டு, சிறிதாகத் திறந்து, சுட்டுவிரலை உள்ளே விடுவார்கள். விரலைச் சுற்றித் தையல் இறுகும். இனி எல்லாம் விரல்நுனியின் ஆட்சி. சூடான இரத்தம் சுழித்தோட, அந்த ஓட்டத்துக்குள்ளேயே இதழ் எவ்வளவு தடித்திருக்கிறது, எந்த மூலை ஒட்டியிருக்கிறது, சுண்ணாம்பு படிந்திருக்கிறதா, பின்னொழுகல் விரலில் அடிக்கிறதா என்று ஒவ்வொன்றாகத் தடவி வாசிப்பார்கள். பிறகு இதயத்தின் நுனிவழியாக விரிப்பான் ஒன்று ஏறிவரும். மேலிருக்கும் விரல் அதற்கு வழிகாட்டும். ஒரு நொடி விரியும். ஒட்டிய மூலைகள் பிரியும். வாசிப்பதும் வழிகாட்டுவதும் சரிபார்ப்பதும் அதே ஒரு விரல்தான்.

இதன் அருமை ரப்பர்த் தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்குச் சட்டெனப் புரியும். பால்மரம் வெட்டுகிறவரின் கத்தி பட்டையைச் சீவும்போது பால் சுரக்கும் அடுக்கு வரை போக வேண்டும். அதற்கும் உள்ளே, ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் தள்ளியிருக்கும் வளர்படலத்தைத் தொட்டுவிடக் கூடாது. ஆழம் குறைந்தால் பால் இல்லை. ஆழம் மிகுந்தால் மரம் காயப்பட்டு, புதுப்பட்டை முண்டும் முடிச்சுமாக எழும். விடியாத இருட்டில், நெற்றி விளக்கின் வெளிச்சத்தில், அந்த ஒரு மில்லிமீட்டரை மணிக்கட்டிலேயே அறிந்து வைத்திருந்தார்கள் நம் தாய்மார்கள். வால்வின் மூலையைப் பிரிக்கும் கைக்கும் அதே எல்லைதான் விதி. ஒட்டிய கோட்டோடு நின்றால் வாசல் திறக்கும். கோடு தாண்டி இதழுக்குள் கிழித்துவிட்டால் குறுகல் போய் ஒழுகல் வந்துவிடும். இரண்டு கைகளையும் ஒரே வியப்போடு கும்பிடத் தோன்றுகிறது.

விரல் செய்ததை ஒரு பலூன் செய்ய முடியும் என்று காட்டியவர் ஜப்பானின் கான்ஜி இனோவே. 1984இல் அவர் வெளியிட்ட அந்த முறையில் நெஞ்சைத் திறக்க வேண்டியதே இல்லை. தொடையின் சிரைவழியாக மெல்லிய குழாய் ஏறி இதயத்தின் வலது மேலறைக்குப் போகிறது. இரண்டு மேலறைகளுக்கும் நடுவிலுள்ள சுவரில் நுண்துளையிட்டு இடப்பக்கம் நுழைகிறது. பலூனின் அமைப்பைக் கவனியுங்கள், அதன் அறிவு முழுவதும் விரியும் வரிசையில் இருக்கிறது. முதலில் முன்பாதி மட்டும் உப்பும். வால்வைக் கடந்து போனபின் மெல்லப் பின்னிழுத்தால், உப்பிய முன்பாதி இதழ்களின் அடியில் தானாகவே தங்கி நிற்கும். அடுத்துப் பின்பாதி உப்பும். இப்போது வால்வு நடு இடுப்பில் சிக்கிக்கொண்டது, நழுவ வழியில்லை. கடைசியாக அந்த இடுப்பு விரியும். ஒட்டிய மூலைகள் விட்டுக்கொடுக்கும். உடனே பலூன் சுருக்கப்படும். எல்லாம் சில நொடிகளில் நடந்து முடிகிறது. தான் இருக்க வேண்டிய இடத்தைத் தானே கண்டுகொள்ளும்படி ஒரு கருவியை வனைந்த அந்தக் கற்பனை எவ்வளவு பரிவானது!

பலூனுக்கு எல்லா வால்வும் இசைந்து வராது. அதை முன்கூட்டியே அறிய எக்கோ திரையில் நான்கு குணங்களைப் பார்க்கிறார்கள்: இதழ் எவ்வளவு அசைகிறது, எவ்வளவு தடித்திருக்கிறது, சுண்ணாம்பு எவ்வளவு படிந்திருக்கிறது, கீழுள்ள நாண்கள் எவ்வளவு கெட்டிருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒன்றிலிருந்து நான்கு வரை மதிப்பெண். கூட்டினால் எட்டுக்குள் வரும் வால்வு பலூனுக்கு நன்றாக இணங்கும். கூடக்கூட, இதயத்தை நிறுத்தித் திறந்து செப்பனிடும் அறுவை மேசையின் பொறுமையே ஏற்றது என்றாகும்.

அந்தப் பொறுமையை ஒரு முழுக்கலையாக வளர்த்தவர் பாரிஸின் அலாங் கார்பாந்தியே. 1983இல் அவர் எழுதிய கட்டுரையின் தலைப்பிலேயே ‘பிரெஞ்சுத் திருத்தம்’ என்ற தொடர் இருக்கிறது. வால்வு ஏன் கெட்டது என்பதோடு நிற்காமல், இதழ் எப்படி அசைகிறது என்று பார்க்கக் கற்றுக்கொடுத்தார் அவர். அசைவு இயல்பாக இருந்தும் ஒழுகுவது ஒருவகை. அளவுக்கு மீறி அசைவது இன்னொன்று. அடங்கி ஒடுங்கி அசைவது மூன்றாவது. அவர் வகுத்த நெறியும் மூன்றே: இதழின் அசைவை முழுமையாகக் காக்கவோ மீட்கவோ வேண்டும், இதழ்கள் படியும் பரப்பை விரிவாக அமைக்க வேண்டும், வளையத்தின் வடிவை மீட்டு நிலைப்படுத்த வேண்டும். கண்ணுக்கு ஓர் ஒழுங்கு, கைக்கு ஓர் ஒழுங்கு. உலகமெங்கும் இன்றுவரை இதய அறுவையாளர்கள் வால்வைத் திறந்ததும் முதலில் இந்த வரிசையில்தான் பார்க்கிறார்கள்.

வளையத்தைப் பாருங்கள். இதழ்கள் வேரூன்றிய அந்த விளிம்பு தட்டையான வட்டமாக இருப்பதில்லை. முன்னும் பின்னும் மேடாகவும் இருபக்கமும் தாழ்வாகவும் நெளிந்து, இதயம் துடிக்கும்போது தானும் சுருங்குகிறது. நோயில் அது உப்பி வட்டமாகிவிட்டால் இதழ்கள் எட்டாமல் போகும். அப்போது துணி போர்த்திய ஒரு செயற்கை வளையத்தை அங்கே தைத்து, பழைய அகலத்துக்குக் கொண்டுவருகிறார்கள். மூடியிருக்கும் வேளையில் இயற்கை வால்வுக்கு இருக்கும் வடிவத்திலேயே கார்பாந்தியே தன் வளையத்தைச் சமைத்தார். நாள் ஆக ஆக அதன்மேல் உடல் தன் சொந்தப் படலத்தைப் போர்த்திவிடுகிறது.

அறுந்த நாணுக்கு வருவோம். அதற்கு மாற்றாகத் தைக்கப்படுவது கோர்டெக்ஸ் எனும் வெண்ணிற இழை. தசைத்தூணில் ஒரு முனை, இதழின் விளிம்பில் மறுமுனை. கேட்க எளிது, ஆனால் இழை வழுக்கும், முடிச்சு நழுவும். ஒரு மயிரிழை நீளம் கூடினால் இதழ் புரளும், குறைந்தால் எட்டாது. இதயம் நின்று தளர்ந்திருக்கும் வேளையில், துடிக்கும்போது அது எவ்வளவு நீளம் கேட்கும் என்று கணிக்க வேண்டும். இல்லாத துடிப்பை மனக்கண்ணில் ஓடவிட்டு முடிச்சிடும் அந்தக் கை எத்தனை ஆயிரம் துடிப்புகளைப் பார்த்துப் பழகியிருக்க வேண்டும்!

ருமாட்டிக் நோயில் சுருங்கிப்போன இதழைச் சீராக்குவதே எல்லாவற்றிலும் கடினம், எல்லாவற்றிலும் அழகு. தடித்த மேற்படலத்தை மெல்ல உரித்தெடுக்கிறார்கள். உள்ளிருந்து வளையத் தெரிந்த பழைய இதழ் வெளிப்படுகிறது. ஒன்றாக ஒட்டிய நாண்களை நீளவாக்கில் பிரிக்கிறார்கள். இதழ் அப்படியும் போதவில்லை என்றால், இதயத்தைப் போர்த்தியிருக்கும் உறையிலிருந்தே ஒரு துண்டை வெட்டி, குளுட்டரால்டிஹைடு கரைசலில் ஊறவைத்து உறுதியாக்கி, இதழோடு சேர்த்துத் தைக்கிறார்கள். இதயத்தின் போர்வையே இதயத்தின் இதழாகிறது! ஒட்டாக வைக்கும் துண்டும் நோயாளியின் சொந்த உடலிலிருந்தே வருகிறது.

இந்தக் கடினமான பாதையை விடாமல் நடந்து காட்டியது நம் நாட்டின் தேசிய இருதயக் கழகம், எல்லோரும் ஐ.ஜே.என். என்று அழைக்கும் கோலாலம்பூர் மருத்துவமனை. 1992இல் தொடங்கிய அந்த நிலையத்தில் முகமட் அஸ்ஹாரி யாக்கோப் ருமாட்டிக் வால்வைச் செப்பனிடுவதில் உலகப் பெயர் பெற்றார். ருமாட்டிக் வால்வென்றால் மாற்றுவதே வழி என்ற எண்ணம் பல நாடுகளில் வேரோடியிருந்த காலம் அது. 1997 முதல் 2010 வரை தாங்கள் செப்பனிட்ட அறுநூறுக்கும் மேற்பட்ட ருமாட்டிக் வால்வுகளின் நெடுநாள் நிலையை அவரும், ஜெஸ்வந்த் டில்லன், பன்னீர்செல்வம் கிருஷ்ணமூர்த்தி முதலிய சகாக்களும் 2013இல் ஐரோப்பிய அறுவை இதழொன்றில் வெளியிட்டார்கள். பத்தாண்டு கழிந்தும் பெரும்பாலானோருக்கு மறு அறுவை தேவைப்படவில்லை. மலாய், தமிழ், பஞ்சாபிப் பெயர்கள் ஒரே வரியில் நிற்கும் அந்த ஆசிரியர் பட்டியலே மனத்துக்கு இதமானது.

செப்பனிட்டபின் வரும் சோதனை எனக்கு மிகவும் பிடித்த கட்டம். இதயம் இன்னும் துடிக்கத் தொடங்கவில்லை. உப்புநீரைப் பீச்சிக் கீழறையை நிரப்புகிறார்கள். இதழ்கள் இரண்டும் மிதந்தெழுந்து ஒன்றையொன்று தேடிச் சேருகின்றன. அவை கூடிய கோட்டின்மேல் சிலர் நீல மை தடவுவார்கள். நீரை வடித்து இதழைப் புரட்டினால், மை படாத பகுதி எவ்வளவு என்று தெரியும். மை தொட முடியாத அந்த ஓரம்தான் முகத்தோடு முகம் படிந்திருந்த பரப்பு. பிறகு இதயத்தை எழுப்பி, உணவுக்குழாய்வழியே இறக்கிய எக்கோ கண்ணால் இன்னொரு முறை பார்க்கிறார்கள். ஒழுகல் தெரிந்தால் மனம் சலிக்காமல் மீண்டும் இதயத்தை நிறுத்தித் திருத்துவதுண்டு. ‘பரவாயில்லை’ என்று விட்டுவிடாத அந்த நேர்மை கைத்திறனுக்குச் சற்றும் குறைந்ததல்ல.

உலோக வால்வு பொருத்தினால் இரத்தம் உறையாமலிருக்க வார்ஃபரின் மாத்திரையை ஆயுள் முழுவதும் விழுங்க வேண்டும். அடிக்கடி இரத்தம் சோதிக்க வேண்டும். கருவுற்ற பெண்ணுக்கு அந்த மருந்து குழந்தையைப் பாதிக்கும் ஆபத்தும் உண்டு. சொந்த இதழே செப்பமாகிவிட்டால், இதயத் துடிப்பு ஒழுங்காக இருக்கும் பலருக்கு அந்த ஆயுட்கால மாத்திரை வேண்டியதில்லை. தாயாக விரும்பும் ஓர் இளம்பெண்ணுக்கு அறுவையாளர் தரும் மிகப் பெரிய பரிசு இது. தன் கைபட்ட தடமே தெரியாமல் விலகிக்கொண்டு, அவளுடைய இதழை அவளுக்கே திருப்பிக் கொடுக்கிறார்.

அந்தக் கலைக்குத் துணைநிற்கும் எளிய கை ஒன்றும் இருக்கிறது. ருமாட்டிக் காய்ச்சல் மீண்டும் வந்தால், பொன்போலச் செப்பனிட்ட இதழும் மறுபடி ஒட்டிக்கொள்ளக்கூடும். அதைத் தடுக்க, மூன்று அல்லது நான்கு வாரத்துக்கு ஒருமுறை பென்சத்தீன் பெனிசிலின் ஊசி போட வேண்டும். பல ஆண்டுகள் போட வேண்டும், சிலருக்கு நாற்பது வயது வரை. ஊசி வலிக்கும், மருந்து கெட்டியானது. வலி குறையட்டும் என்று மெல்ல மெல்ல அழுத்தி ஏற்றும் கிளினிக் தாதியின் பெருவிரலுக்கும் இந்த நயத்தில் பங்குண்டு. உங்கள் வீட்டில் அந்த ஊசி போட வேண்டியவர் யாராவது இருந்தால், அடுத்த தேதியை இன்றே நாட்காட்டியில் குறித்து வையுங்கள். வேலூர் விரலும் கோலாலம்பூர்த் தையலும் காத்துக் கொடுத்ததை, அந்தத் தேதி தவறாமல் நீங்களும் காக்கலாம்.